கலிலியோ கலிலெய் நீர்மூழ்கி ஒரு டிராலரிடம் பிடிபட்டது எப்படி?

மாலைவானம் | ஜூன் 19, காலை 8.10

இரண்டாம் உலகப் போரில், 1940-இல் இதே தேதியில்தான் ஆங்கிலேயர் வசமிருந்த ஏடன் துறைமுகத்துக்கு அருகே இத்தாலிய நீர்மூழ்கி கலிலியோ கலிலெய் பிடிபட்டது. பிடித்தது டெஸ்ட்ராயர் (நாசகாரிப் போர்க்கப்பல்) கூட இல்லை. மீன்பிடி டிராலரை வாங்கி ஆங்கிலேயர் ஆயுதம் ஏற்றிய மூன்ஸ்டோன், வெறும் 615 டன். நீர்மூழ்கியில் 100 மி.மீ. பீரங்கி இரண்டு, டிராலரில் 4 அங்குலப் பீரங்கி ஒன்று. இத்தனை வைத்துக்கொண்டும் சரணடைந்தார்கள் என்றால் ஆட்களுக்குத் தைரியம் இல்லை என்றுதானே அர்த்தம்?

உப்புக்காற்று | ஜூன் 19, காலை 9.35

இல்லை. அந்தச் சண்டையில் கப்பலில் 16 பேர் செத்தார்கள். தளபதி கொர்ராடோ நார்டி நீர்மூழ்கியின் மேலுள்ள கட்டளைக் கோபுரத்தில் நின்றபடியே குண்டுபட்டு இறந்தார். பயந்து கையைத் தூக்கியவர்கள் கணக்கு இப்படி இருக்காது. பல காலமாக இந்தப் பழியை அவர்கள் மேல் போட்டு வருகிறார்கள், எனக்கு அது பொறுக்கவில்லை. காரணத்தைத் தேடினால் முதலில் போய் நிற்க வேண்டிய இடம் கப்பலுக்குள் இருந்த குளிர்சாதன இயந்திரம். விரிவாக மாலையில் எழுதுகிறேன்.

உப்புக்காற்று | ஜூன் 19, இரவு 9.50

முதலில் கப்பலைப் பற்றி. ஆர்க்கிமிடே வகுப்பு, மொத்தம் நான்கு: ஆர்க்கிமிடே, கலிலியோ கலிலெய், கலிலியோ ஃபெராரிஸ், எவாஞ்சலிஸ்டா டோரிசெல்லி. நான்கையும் இத்தாலியின் டாரான்டோவில் டோசி கப்பல் கட்டும் தளத்தில் கட்டினார்கள். கலிலெய்க்கு 1931-இல் அடிக்கட்டை வைத்து, 1934 மார்ச்சில் நீரில் இறக்கி, அதே ஆண்டு அக்டோபரில் படையில் சேர்த்தார்கள். கவல்லினி என்ற வடிவமைப்பாளரின் பாணி. முந்தைய செட்டெம்ப்ரினி வகுப்பைக் கொஞ்சம் பெரிதாக்கி, எரிபொருளையும் டார்பிடோக்களையும் கூட்டியது. அழுத்தம் தாங்கும் உள்கூடு ஒன்று, அதன் இரு பக்கமும் ஒட்டிய பேலஸ்ட் டேங்குகள் (மூழ்க நீரை நிரப்பி, மிதக்க வெளியேற்றும் தொட்டிகள்). முழு இரட்டைக்கூடு அல்ல.

அளவுகள்: நீளம் 70.5 மீ. எடை மேலே மிதக்கும்போது 985 மெட்ரிக் டன், மூழ்கினால் 1,259. டீசல் எஞ்சின் இரண்டும் சேர்ந்து 3,000 குதிரைத்திறன், மின்மோட்டார்கள் 1,100. மேலே 17 நாட் (மணிக்கு 17 கடல் மைல்) வேகம், அடியில் 8-ஐ ஒட்டி. டார்பிடோக் குழாய் முன்னால் 4, பின்னால் 4, டார்பிடோ 16. ஆட்கள் 55.

இனி தாங்குதூரம். 8 நாட் வேகத்தில் 10,300 கடல் மைல். வகுத்துப் பார்த்தால் 53 நாள் ஓடலாம். மூழ்கிய நிலையில் 3 நாட் வேகத்தில் 105 மைல், அதாவது பேட்டரி முழுசாக நிரம்பியிருந்தால் 35 மணி நேரம். இந்த "முழுசாக நிரம்பியிருந்தால்" என்பதை மறக்க வேண்டாம், 18-ஆம் தேதி இரவுக்கு வரும்போது தேவைப்படும்.

இரும்புத்தச்சன் | ஜூன் 20, காலை 7.20

ஆர்க்கிமிடேயும் டோரிசெல்லியும் ஸ்பெயினுக்குப் போய்விட்டவை என்று படித்திருக்கிறேன். 1940-இல் செங்கடலில் அதே பெயர்களில் இரண்டு இருந்தன என்கிறார்கள். எது சரி?

உப்புக்காற்று | ஜூன் 20, காலை 7.55

இரண்டும் சரி. 1937-இல் ஸ்பெயின் உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருந்தபோது இத்தாலி அந்த இரண்டையும் ஃப்ராங்கோ தரப்புக்கு இரகசியமாகக் கொடுத்தது. அங்கே ஆர்க்கிமிடே 'ஜெனரல் சன்ஹுர்ஹோ' ஆனது, டோரிசெல்லி 'ஜெனரல் மோலா' ஆனது. சன்ஹுர்ஹோதான் 1937 மே 30-இல் சியுதாத் டே பார்சலோனா பயணக் கப்பலை மூழ்கடித்தது. கொடுத்தது வெளியே தெரியக்கூடாது என்பதற்காக, அடுத்து வந்த பிரின் வகுப்பில் இரண்டு கப்பல்களைச் சத்தமில்லாமல் கூடுதலாகக் கட்டி அதே பெயர்களைச் சூட்டினார்கள். செங்கடலில் சண்டையிட்டவை இந்த இரண்டாம் பிறவிகள். ஸ்பெயினுக்குப் போனவை 1959 வரை அங்கேயே ஓடின. பழைய பட்டியல்களில் இரண்டு தலைமுறையும் ஒன்றாகக் கலந்து கிடப்பதற்கு இதுதான் காரணம்.

உப்புக்காற்று | ஜூன் 20, இரவு 10.30

இப்போது குளிர்சாதனம்.

நீர்மூழ்கிக்குள் சூடு எங்கிருந்து வருகிறது? மேலே ஓடும்போது டீசல் எஞ்சின்கள் காய்ந்து கிடக்கும். மூழ்கியதும் அந்த இரும்பு தன் சூட்டை உள்ளேயே கக்கும். மின்மோட்டார், பேட்டரி, சமையல், 55 உடம்பு, எல்லாமே சேரும். மத்தியதரைக் கடலில் வெளித்தண்ணீர் குளிர்ச்சியாக இருப்பதால் கப்பலின் கூடே சூட்டை வெளியே தள்ளிவிடும். ஜூன் மாதச் செங்கடலில் தண்ணீரே 30 டிகிரிக்கு மேல். கூடு குளிர்விக்காது. ஈரம் சுவரெல்லாம் வடியும், மின்பலகைகளில் கசிவு தொடங்கும். இயந்திரம் வைத்துத்தான் ஆக வேண்டும்.

எந்த வாயுவை வைப்பது? அந்தக் காலத்தில் கையில் இருந்தவை இவை:

கார்பன் டை ஆக்சைடு. கசிந்தாலும் அவ்வளவு ஆபத்தில்லை, கப்பல்களில் நிறையப் பயன்பட்டது. ஆனால் 31 டிகிரிக்கு மேல் அது திரவமாகவே மாறாது. கண்டன்சருக்குள் (வாயுவைக் குளிர்வித்துத் திரவமாக்கும் பகுதி) விடும் கடல்நீரே 31-ஐத் தாண்டிவிட்டால் இயந்திரத்தின் திறன் பாதாளத்துக்குப் போய்விடும்.

அம்மோனியா. நல்ல குளிரூட்டி. செம்பை அரிக்கும். மூடிய கூட்டுக்குள் துளி கசிந்தாலும் கண்ணும் தொண்டையும் எரிந்து ஆள் நிற்க முடியாது.

ஃப்ரியான்-12. 1930-களின் தொடக்கத்தில் வந்தது, விஷமில்லை, தீப்பிடிக்காது. ஆனால் அமெரிக்கச் சரக்கு. அமெரிக்க நீர்மூழ்கிகளில் 1934-லேயே குளிர்சாதனம் ஏறிவிட்டது, முதலில் ஏறியது கட்டில்ஃபிஷ் கப்பலில்.

மெத்தில் குளோரைடு. மலிவு, ஐரோப்பாவில் தாராளமாகக் கிடைத்தது, சிறிய கம்ப்ரஸரே போதும். இத்தாலியர்கள் இதை எடுத்தார்கள். தரையில் இதன் குணம் ஏற்கெனவே தெரிந்ததுதான். 1929-இல் சிகாகோவில் வீட்டுக் குளிர்பெட்டிகளிலிருந்து கசிந்து ஆட்களைக் கொன்றிருந்தது. மூடிய கூட்டுக்குள் 55 பேரோடு இதை வைத்தது மன்னிக்க முடியாத தேர்வு என்பதே என் கருத்து.

உப்புக்காற்று | ஜூன் 21, காலை 6.40

நேற்று விட்ட இடத்திலிருந்து. இந்த வாயு ஏன் செங்கடலில் மட்டும் இவ்வளவு கசிந்தது என்று கேட்டால், அழுத்தத்தைப் பார்க்க வேண்டும். மெத்தில் குளோரைடு −24 டிகிரியில் கொதிக்கும். 20 டிகிரியில் அதன் அழுத்தம் வளிமண்டலத்தைப் போல சுமார் 5 மடங்கு. 40 டிகிரியில் 8, 9 மடங்கு. கண்டன்சருக்குள் வருவது 30 டிகிரிக்கு மேற்பட்ட கடல்நீர் என்றால் உள்ளே வாயு 40-ஐ ஒட்டித்தான் இருக்கும். டாரான்டோவில் நன்றாக இறுகியிருந்த அதே ஃபிளாஞ்ச், அதே கேஸ்கெட், அதே கம்ப்ரஸர் தண்டின் பேக்கிங், செங்கடலில் இத்தாலியரின் தளமான மாசாவாவில் ஏறக்குறைய இரண்டு மடங்கு அழுத்தத்தைத் தாங்க வேண்டியிருக்கும். அதற்கு மேல் ஆழ்வெடி (நீர்மூழ்கியைத் தாக்க நீருக்குள் வெடிக்கும் குண்டு) அதிர்ச்சி. எங்கே தளரும் என்று சொல்லத் தேவையில்லை.

கசிந்த பின் என்ன? காற்றைவிட ஏறத்தாழ 1.7 மடங்கு கனம். தரைத் தகட்டுக்கு அடியிலும் கீழ்ப் படுக்கைகளிலும் போய்த் தேங்கும். ஓய்வில் படுத்திருப்பவன்தான் முதலில் சுவாசிப்பான். மணம் இலேசான இனிப்பு, எண்ணெயும் வியர்வையும் நாறும் இடத்தில் மூக்குக்கு எட்டாது. வணிகச் சரக்கில் எச்சரிக்கைக்காக அக்ரோலின் என்ற கண்ணெரிச்சல் பொருளைச் சிறிதளவு கலக்கும் வழக்கம் இருந்தது, ஆனால் எல்லாச் சரக்கிலும் அல்ல.

சோப்பு நீர் தடவிக் குமிழி பார்ப்பது ஒரு சோதனை. இன்னொன்று, செம்புத் தகடு வைத்த சுடர்விளக்கு. வாயு பட்டால் சுடர் பச்சையாகும். பேட்டரியிலிருந்து ஹைட்ரஜன் வரும் கப்பலில், தானே தீப்பிடிக்கும் வாயுவை, சுடர் கொண்டு தேட முடியுமா? ஆக மூழ்கியிருக்கும்போது மிச்சம் சோப்பு நீர்தான். குழாயின் பாதி நீளம் மற்ற குழாய்களுக்குப் பின்னால் ஒளிந்திருக்கும்.

மாலைவானம் | ஜூன் 21, காலை 8.05

உடம்பில் என்ன செய்யும்? உடனே மயக்கமா?

உப்புக்காற்று | ஜூன் 21, காலை 8.45

உடனே இல்லை, அதுதான் கொடுமை. சில மணி நேரம் கழித்துத்தான் தெரியும். தலைவலி, வாந்தி, பார்வை இரண்டாகத் தெரிவது, குடித்தவன் போல் நடை தள்ளாடுவது, பேச்சுக் குழறுவது. அப்புறம் பிதற்றல், வலிப்பு. 45 டிகிரி உள்வெப்பத்தில் இருக்கும் ஒருவனுக்கு இவை வந்தால் வெயில் தாக்கியது என்றுதான் யாரும் முதலில் நினைப்பார்கள். உடனே என்ன செய்வார்கள்? குளிர்சாதனத்தை இன்னும் பலமாக ஓட்டுவார்கள்.

மாசாவாவில் போர் தொடங்கியபோது எட்டு நீர்மூழ்கிகள் இருந்தன: கலிலெய், ஃபெராரிஸ், கல்வானி, குக்லியெல்மோட்டி, பெர்லா, மக்கல்லே, இரண்டாம் பிறவி ஆர்க்கிமிடே, டோரிசெல்லி. இவற்றில் ஆர்க்கிமிடே, பெர்லா, மக்கல்லே மூன்றிலும் இந்த விஷம் ஆட்களைப் புரட்டிப் போட்டது. ஆர்க்கிமிடேயில் மாலுமிகள் இறந்தார்கள். மக்கல்லே ஜூன் 15-இல் சூடான் கரைக்கு எதிரே பார் மூசா கெபீர் தீவில் மோதி நின்றது. இடத்தைக் கணிப்பவர்களே பிதற்றிக்கொண்டிருந்தால் பவளப்பாறையை யார் பார்ப்பது? அதில் பிழைத்தவர்களை ஒரு வாரம் கழித்து குக்லியெல்மோட்டி வந்து ஏற்றிக்கொண்டது. அந்தத் தீவில் இறந்து புதைக்கப்பட்ட ஒரு மாலுமியின் எலும்புகள் 2018-இல்தான் இத்தாலிக்குப் போய்ச் சேர்ந்தன.

இரும்புத்தச்சன் | ஜூன் 22, மாலை 6.15

விஷம் சரி. கலிலெய் எதற்காக ஏடன் வாசலிலேயே நின்றது? அடித்துவிட்டு நகர்ந்திருக்க வேண்டாமா?

உப்புக்காற்று | ஜூன் 22, இரவு 9.10

நியாயமான கேள்வி. நார்டி மேல் நான் வைக்கும் ஒரே குறையும் இதுதான். நாள்வாரியாகப் பாருங்கள்.

10-ஆம் தேதி மாசாவாவை விட்டுக் கிளம்பினார்கள். 16-இல் ஏடனுக்குத் தெற்கே சுமார் 12 மைலில் நார்வே எண்ணெய்க்கப்பல் ஜேம்ஸ் ஸ்டோவ் (8,215 டன்) மூழ்கடிக்கப்பட்டது. அதன் பிறகும் அதே வட்டாரம். 18-இல் யூகோஸ்லாவியக் கப்பல் திராவாவை எச்சரிக்கைக் குண்டு சுட்டு நிறுத்தி, நடுநிலை நாட்டுக் கப்பல் என்று தெரிந்ததும் விட்டார்கள். அந்தப் பீரங்கிச் சத்தம் ஏடனிலேயே கேட்டது. விமானம் வந்து தாக்கியது. இருட்டியதும் பேட்டரி நிரப்ப மேலே வந்தார்கள், கண்டஹார் டெஸ்ட்ராயரும் ஷோர்ஹாம் ஸ்லூப்பும் (சிறிய காவல் போர்க்கப்பல்) துரத்தி மூழ்க வைத்தன.

இங்கேதான் முன்பு சொன்ன 35 மணிக் கணக்கு உடைகிறது. அந்த இரவில் டீசலை ஓட்டி நிரப்ப விடவில்லை. காற்றையும் மாற்ற முடியவில்லை. ஒரு ஆள் இலேசான வேலையில் மணிக்கு சுமார் 20 லிட்டர் கரியமில வாயு விடுவார். 55 பேருக்கு 1,100 லிட்டர், அதாவது 1.1 கன மீட்டர். உள்ளே மூச்சுக்கு 400 கன மீட்டர் காற்று இருப்பதாக வைத்துக்கொண்டால், உறிஞ்சும் மருந்து எதுவும் இல்லாமல் 11 மணி நேரத்தில் 3 சதவீதத்தைத் தொடும். அந்த அளவில் தலைவலியும் மூச்சு வாங்கலும் உறுதி. இதோடு மெத்தில் குளோரைடு. மறுநாள் நண்பகலில் அந்தக் கப்பலுக்குள் தெளிவாக யோசிக்கக்கூடிய தலை எத்தனை இருந்திருக்கும்?

உப்புக்காற்று | ஜூன் 23, காலை 7.00

நேற்றிரவு எழுதியதைத் திரும்பப் படித்தேன், ஒரு திருத்தம் வேண்டும். விஷம் தாங்காமல்தான் மேலே வந்தார்கள் என்ற தொனி வந்துவிட்டது. அது பாதிதான் உண்மை. 19-ஆம் தேதி மூன்ஸ்டோன் அஸ்டிக் ஒலிக்கருவியால் கண்டுபிடித்து ஆழ்வெடி போட்ட பிறகு, பெரிஸ்கோப்பில் தெரிந்தது ஒரு சின்ன டிராலர் மட்டும். டெஸ்ட்ராயர் கண்ணுக்கு எட்டவில்லை. இரண்டு பீரங்கியால் இதை முடித்துவிடலாம் என்று நார்டி தெரிந்தேதான் மேலே வந்தார். காகிதத்தில் கணக்கு சரி: 100 மி.மீ. குண்டும் 4 அங்குலக் குண்டும் எடையில் ஒன்றுக்கொன்று சமம், ஏறக்குறைய 14 கிலோ. இரண்டுக்கு ஒன்று.

மாலைவானம் | ஜூன் 23, காலை 9.30

அப்படியானால் ஏன் தோற்றார்கள்?

உப்புக்காற்று | ஜூன் 23, இரவு 10.15

மேலே வந்து சுடுவது என்றால் என்னென்ன நடக்க வேண்டும் என்று வரிசையாகப் பாருங்கள். பேலஸ்ட் டேங்குகளிலிருந்து அழுத்தக் காற்றால் தண்ணீரைத் தள்ள வேண்டும். கோபுரம் நீரை விட்டு வந்ததும் மூடியைத் திறக்க வேண்டும். பீரங்கிக்காரர்கள் ஏணியில் ஒருவர் பின் ஒருவராக ஏறி, வழுக்கும் தளத்தில் ஓட வேண்டும். பீரங்கி வாயின் அடைப்பைப் பிடுங்கி, குறிபார்க்கும் கருவியைச் சரிபார்த்து, கீழிருந்து குண்டுகளைக் கைமாற்றி ஏற்ற வேண்டும். இத்தனைக்கும் தளத்தில் மறைப்பு என்று ஒரு தகடுகூட இல்லை.

டிராலரில் ஆட்கள் ஏற்கெனவே பீரங்கியடியில் நிற்கிறார்கள்.

மூன்ஸ்டோனின் தலைவர் முழு அதிகாரிகூட அல்ல, வில்லியம் மூர்மன் என்ற வாரண்ட் தர போசன் (தளப் பணிகளை மேற்பார்க்கும் மாலுமி). அவர் செய்தது ஒன்றுதான்: எட்ட நிற்காமல் நெருங்கினார். நெருங்கியதும் லூயிஸ் இயந்திரத் துப்பாக்கிகள் நீர்மூழ்கியின் தளத்தைத் துடைத்தன. பீரங்கிக்கு ஓடியவர்கள் விழுந்தார்கள். கலிலெய்யில் முன் பீரங்கியின் குறிக்கருவி பழுது, பின் பீரங்கி சுடும்போது சிக்கிக்கொண்டது. 4 அங்குலக் குண்டுகள் கோபுரத்தில் விழுந்து நார்டியையும் அதிகாரிகளையும் கொன்றன. தூரம் குறைந்துவிட்டால் 100 மி.மீ. பீரங்கியைவிட லூயிஸின் .303 தோட்டா பெரிய ஆயுதம், காரணம் பீரங்கியை இயக்கும் ஆளை அது கொல்கிறது.

மறுபடி மூழ்கலாமே என்பீர்கள். மேலே ஆட்கள் விழுந்து கிடக்கிறார்கள், கட்டளையிட அதிகாரி இல்லை, பேட்டரியில் தெம்பு இல்லை. கோபுரம் துளைபட்ட நீர்மூழ்கி இறங்கினால் ஏறுமா என்பது சந்தேகம். அதற்குள் கண்டஹாரும் வந்துவிட்டது. அதுதான் கலிலெய்யை ஏடனுக்கு இழுத்துப் போனது.

மூர்மனுக்கு லெப்டினன்ட் பதவி உயர்வும் பதக்கமும் கிடைத்தன. அவருக்கு அது தகும். அதற்காக எதிரில் இருந்தவர்களைக் கோழை என்று சொல்ல வேண்டியதில்லை.

இரும்புத்தச்சன் | ஜூன் 25, காலை 7.45

சரணடைந்ததைவிட காகிதங்களை அழிக்காமல் விட்டதுதான் பெரிய தப்பு என்பேன்.

உப்புக்காற்று | ஜூன் 25, மதியம் 1.20

விளைவை வைத்துப் பார்த்தால் சரி. கப்பலிலிருந்து ஆவணங்கள் ஆங்கிலேயர் கைக்குப் போயின. சில நாள்களில் கல்வானியை ஓமான் வளைகுடாவில் ஃபால்மத் ஸ்லூப் மூழ்கடித்தது. 23-ஆம் தேதி செங்கடல் வாயிலில் பெரிம் தீவருகே டோரிசெல்லி மூன்று டெஸ்ட்ராயர்களோடும் ஷோர்ஹாமோடும் மேலே நின்று சண்டையிட்டு மூழ்கியது. மக்கல்லேயையும் கலிலெய்யையும் சேர்த்தால் ஒரே மாதத்தில் எட்டில் நான்கு போய்விட்டன.

வழக்கமாக இரகசியப் புத்தகங்களை ஈயக் கனத்தோடு கடலில் எறிவார்கள். அந்தக் கட்டளையைக் கொடுக்க வேண்டியவர்கள் கோபுரத்தில் செத்துக் கிடந்தார்கள்.

உப்புக்காற்று | ஜூன் 29, இரவு 8.30

விட்டுப்போன ஒன்று. மிஞ்சிய நான்கும் 1941 மார்ச்சில், மாசாவா விழுவதற்கு முன், கிளம்பி, ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டு மே மாதத்தில் பிரான்சின் போர்தோ துறைமுகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. வழியில் ஜெர்மன் கப்பல்கள் எண்ணெய் கொடுத்தன. கலிலெய்யின் உடன்பிறப்பு ஃபெராரிஸும் அதில் ஒன்று. பெர்லா 700 டன்னை ஒட்டிய கரையோரக் கப்பல், அது 81 நாளில் 13,000 மைல் ஓடியது. இத்தாலிய நீர்மூழ்கிகள் மட்டமானவை என்று எழுதுகிறவர்கள் இந்தப் பயணத்தையும் கணக்கில் சேர்க்க வேண்டும். கூடு நன்றாக இருந்தது, எஞ்சின் நன்றாக இருந்தது. கெட்டது உள்ளே ஓடிய வாயு.

மாலைவானம் | ஜூலை 2, காலை 8.20

முதல் பதிவில் எழுதியதை வாபஸ் வாங்குகிறேன். ஒரு கேள்வி: ஆங்கிலேயர் அதை எக்ஸ்-2 என்று ஓட்டினார்களா, பி-711 என்றா? இரண்டும் பார்க்கிறேன்.

உப்புக்காற்று | ஜூலை 2, காலை 9.05

ஒரே கப்பல்தான். முதலில் எக்ஸ்-2, பிறகு பி-711. சண்டைக்கு அனுப்பவில்லை, பயிற்சிக்கு வைத்துக்கொண்டார்கள், 1946-இல் உடைத்தார்கள். அடுத்த எண் பி-712 யாருடையது என்று பாருங்கள்: 1942 ஜூலையில் பெய்ரூட்டுக்கு அப்பால் ஹயசிந்த் கார்வெட்டிடம் (சிறிய துணைப் போர்க்கப்பல்) பிடிபட்ட அதே பெர்லா. போர்தோவரை போய்த் திரும்பி மத்தியதரைக்கு வந்த பிறகுதான் மாட்டியது. பின்னால் கிரேக்கர்களிடம் போனது.